ஒடுங்கியது ஒழிந்ததல்ல!

தந்தைக்கு "ஏ" வகை ரத்தம். தாய்க்கு "பி" வகை ரத்தம். பிறந்த குழந்தைக்கோ "ஓ" வகை ரத்தம்!

இது நடக்குமா?

நடக்கும். இதில் தவறு எதுவும் இல்லை. அதிசயமும் இல்லை. ஆனால் விவரம் தெரியாத வீடுகளில் இந்த ஒரே எழுத்து பெரும் புயலைக் கிளப்பிவிடும். "எங்கள் இருவருக்கும் இல்லாத ரத்தம் இந்தக் குழந்தைக்கு எங்கிருந்து வந்தது?" என்று கணவன் கேட்பான். மாமியார் முகத்தைத் திருப்பிக்கொள்வாள். பழி யார் தலையில் விழும்? பெரும்பாலும் பெற்றவள் தலையில்தான்.

ஒரே ஒரு சொல்லின் பொருள் தெரிந்திருந்தால் இந்தச் சண்டையே வராது. அந்தச் சொல்: "ஒடுங்கிய."

ஆங்கிலத்தில் இதை "ரிசஸிவ்" என்பார்கள். "ஒடுங்கு பண்பு" என்று நம் பள்ளிப் பாடப் புத்தகங்களில் இருக்கிறது. பரீட்சை முடிந்ததும் பிள்ளைகள் மறந்துவிடுகிறார்கள். ஆனால் அது பரீட்சைக்கு மட்டும் உரிய சொல் அல்ல. கல்யாணம் பேசும்போதும் தொட்டில் கட்டும்போதும் நினைவில் இருக்க வேண்டிய சொல்.

ஆமையைப் பாருங்கள்

ஆமையைத் தொட்டால் என்ன செய்கிறது? தலையையும் கால்களையும் ஓட்டுக்குள் இழுத்துக்கொள்கிறது. வெளியே பார்த்தால் ஓடு மட்டும்தான் தெரியும். தலை போய்விட்டதா? இல்லை. உள்ளே ஒடுங்கியிருக்கிறது. சமயம் வந்தால் வெளியே வரும்.

சில குணங்களும் அப்படித்தான். உடம்புக்குள் இருக்கும், வெளியே தெரியாது. தாத்தாவிடம் இருந்து அப்பாவிடம் வந்து, அப்பாவிடம் இருந்து மகனிடம் போய், யார் கண்ணிலும் படாமல் தலைமுறை தலைமுறையாக நடக்கும். ஒரு நாள் திடீரென்று ஒரு குழந்தையிடம் தலையை நீட்டும். அதைத்தான் விஞ்ஞானிகள் "ஒடுங்கிய குணம்" என்கிறார்கள். அதை மறைத்துக்கொண்டு மேலே தெரியும் குணத்துக்கு "ஓங்கிய குணம்" என்று பெயர்.

தங்கை கொடுத்த சீதனப் பணம்

இந்தச் சொல்லை உயிர் நூலுக்குத் தந்தவர் ஒரு பாதிரியார். பெயர் கிரிகோர் மெண்டல்.

இன்று செக் நாடு என்று வழங்கும் பகுதியில், ஒரு குடியானவர் குடும்பத்தில் 1822-ல் அவர் பிறந்தார். படிப்பில் ஆசை. வீட்டில் பணம் இல்லை. அவருடைய தங்கை, தன் சீதனத்தில் ஒரு பங்கை அண்ணன் படிப்புக்குக் கொடுத்தாள். மெண்டல் அதை மறக்கவில்லை. பிற்காலத்தில் அந்தத் தங்கையின் பிள்ளைகள் படிக்க உதவி செய்தார்.

1843-ல் புருனோ நகரத்து மடத்தில் அவர் துறவியாகச் சேர்ந்தார். பள்ளிக்கூட வாத்தியார் வேலைக்கான பரீட்சை எழுதினார். தேறவில்லை! ஆனாலும் சோர்ந்துபோகவில்லை. மடத்துத் தோட்டத்தில் பட்டாணி பயிரிட்டார். 1856 முதல் எட்டு வருஷம் பட்டாணிச் செடிகளோடு பாடுபட்டார்.

உருண்டையான விதை தரும் செடி ஒன்று. சுருக்கம் விழுந்த விதை தரும் செடி ஒன்று. இந்த இரண்டையும் அவர் தம் கையாலேயே மகரந்தம் எடுத்து வைத்துக் கலந்தார். கிடைத்த விதைகள் எப்படி இருந்தன? பாதி உருண்டை, பாதி சுருக்கம் என்று நினைப்பீர்கள். இல்லை. எல்லாமே உருண்டை! சுருக்கம் அடியோடு மறைந்துவிட்டது.

வேறொருவராக இருந்தால் அத்தோடு விட்டிருப்பார். மெண்டல் விடவில்லை. அந்த உருண்டை விதைகளை மறுபடி விதைத்தார். செடிகள் தம்மோடு தாமே கலந்து காய்த்தன. அவற்றின் விதைகளை ஒவ்வொன்றாக எண்ணினார். மொத்தம் 7,324 விதைகள். அவற்றில் உருண்டை 5,474. சுருக்கம் 1,850!

மறைந்துபோன சுருக்கம் திரும்பி வந்துவிட்டது. அதுவும் ஒரு கணக்கோடு வந்தது. மூன்று உருண்டைக்கு ஒரு சுருக்கம். பட்டாணியில் ஏழு குணங்களை அவர் பார்த்தார். ஏழிலும் இதே கணக்குதான்.

இப்படி ஒரு தலைமுறை மறைந்திருந்து, அடுத்த தலைமுறையில் கொஞ்சமும் மாறாமல் வரும் குணத்துக்கு மெண்டல் வைத்த பெயர்தான் "ரிசஸிவ்". பின்வாங்குவது என்ற லத்தீன் சொல்லில் இருந்து வந்தது.

1865-ல் இதைச் சபையில் படித்தார். அடுத்த வருஷம் அச்சிலும் வந்தது. ஆனால் அதன் அருமை யாருக்கும் புரியவில்லை. 1884-ல் மெண்டல் காலமானார். அவர் கண்டதும் அவரோடு ஒடுங்கிவிட்டது போல் இருந்தது. 1900-ம் ஆண்டில் மூன்று நாடுகளில் மூன்று விஞ்ஞானிகள் தனித்தனியே அதே உண்மைக்கு வந்து சேர்ந்தார்கள். பழைய ஏடுகளைப் புரட்டினால், ஒரு பாதிரியார் 34 வருஷம் முன்பே எழுதி வைத்திருக்கிறார்! அன்று முதல் மெண்டலின் புகழ் உலகமெங்கும் பரவியது.

ஒரு பூட்டு, இரண்டு சாவி

குணம் எப்படி ஒடுங்குகிறது? அதையும் பார்ப்போம்.

வீட்டுப் பெட்டிக்கு ஒரு பூட்டு இருக்கிறது. அதற்கு இரண்டு சாவிகள். ஒன்று உடைந்துவிட்டால் என்ன ஆகும்? ஒன்றும் ஆகாது. இன்னொரு சாவியால் திறந்துகொள்ளலாம். உடைந்த சாவி கொத்தில் தொங்கிக்கொண்டே இருக்கும். வேலை தடைபடாததால் அது உடைந்திருப்பது நமக்குத் தெரியவே தெரியாது. இரண்டும் உடைந்தால்தான் பெட்டி திறக்காது.

நம் உடம்பில் ஒவ்வொரு வேலைக்கும் மரபணு என்று ஒன்று உண்டு. அது இரட்டையாக இருக்கிறது. ஒன்று தாய் கொடுத்தது. மற்றொன்று தந்தை கொடுத்தது. ஒன்று பழுதானாலும் மற்றது பெரும்பாலும் வேலையைப் பார்த்துக்கொள்ளும். அந்தப் பழுது "ஒடுங்கி" இருக்கும். இரண்டும் பழுதாக வந்து சேர்ந்த குழந்தையிடம்தான் அது வெளிப்படும்.

மெண்டலின் பட்டாணியில் நடந்ததும் இதுதான். சுருக்கம் விழுவதன் ரகசியத்தை 1990-ல் இங்கிலாந்து விஞ்ஞானிகள் கண்டுபிடித்தார்கள். மாவுச்சத்தைச் சரியாக உண்டாக்க ஒரு மரபணு வேண்டும். அது இரண்டும் பழுதான விதையில் மாவு குறைகிறது. சர்க்கரையும் தண்ணீரும் கூடுகின்றன. காயும்போது தண்ணீர் வற்றி, தோல் சுருங்கிவிடுகிறது. ஒரு மரபணு நல்லதாக இருந்தாலும் போதும். மாவு உண்டாகி, விதை உருண்டையாகவே இருக்கும்.

இப்போது முதலில் கேட்ட கேள்விக்கு வருவோம்.

ரத்தத்தில் வகைகள் இருப்பதை 1901-ல் உலகுக்குச் சொன்னவர் வியன்னா நகரத்து டாக்டர் லாண்ட்ஸ்டைனர். அதற்காக 1930-ல் அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது. "ஏ" மரபணு ரத்த அணுவின் மேல் ஓர் அடையாளம் போடுகிறது. "பி" மரபணு வேறோர் அடையாளம் போடுகிறது. "ஓ" மரபணு எந்த அடையாளமும் போடுவதில்லை. ஆகவே "ஏ"யோடு "ஓ" சேர்ந்தால், பார்ப்பவர் கண்ணுக்கு "ஏ" மட்டும்தான் தெரியும். "ஓ" ஒடுங்கிவிடும்.

தந்தை "ஏ" என்றோம். அவரிடம் ஒரு "ஏ"யும், ஒடுங்கிய "ஓ" ஒன்றும் இருக்கலாம். தாய் "பி" என்றோம். அவளிடமும் ஒடுங்கிய "ஓ" ஒன்று இருக்கலாம். குழந்தைக்கு இருவரும் "ஓ"வைக் கொடுத்துவிட்டால் குழந்தை "ஓ"! பெற்றோர் இருவரிடமும் உள்ள சொத்துதான் பிள்ளைக்கு வந்திருக்கிறது. இதில் பழி பேச என்ன இருக்கிறது?

பெற்றோர் இருவருக்கும் "பாஸிடிவ்" ரத்தம் இருந்து, குழந்தைக்கு "நெகடிவ்" வருவதும் இதே மாதிரிதான். "நெகடிவ்" என்பதும் ஒடுங்கிய குணமே.

இன்னொரு விசித்திரமும் உண்டு. 1952-ல் பம்பாயில் டாக்டர் பெண்டேயும் அவருடைய தோழர்களும் ஒரு புதிய ரத்த வகையைக் கண்டார்கள். அதற்கு "பம்பாய் வகை" என்றே உலகம் பெயர் வைத்தது. இதுவும் ஒடுங்கிய குணம். இந்த வகைக்காரரின் உடம்பில் "ஏ", "பி" மரபணுக்கள் இருந்தாலும், சாதாரணப் பரிசோதனையில் "ஓ" என்றே காட்டும். ஆகையால் ரத்த வகைச் சீட்டை மட்டும் வைத்துக்கொண்டு யாரையும் சந்தேகிக்கக் கூடாது. டாக்டரைக் கேட்க வேண்டும்.

கறுத்துப்போன துணி

மனிதர்களிடம் ஒடுங்கிய நோய் ஒன்றை முதலில் அடையாளம் கண்டவர் ஆர்ச்சிபால்ட் காரட் என்ற லண்டன் டாக்டர்.

சில குழந்தைகளின் சிறுநீர் காற்றுப்பட்டதும் கறுத்துவிடும். துணியெல்லாம் கறை. தாய் பதறுவாள். அந்தக் குழந்தைகளின் குடும்பங்களை காரட் விசாரித்தார். பெற்றோர் இருவரும் நல்ல சுகம். அப்படியானால் நோய் எங்கிருந்து வந்தது? விசாரிக்க விசாரிக்க ஓர் உண்மை தெரிந்தது. அந்தப் பெற்றோரில் பலர் ஒருவருக்கொருவர் ரத்த உறவினர். அண்ணன் தம்பி, அக்காள் தங்கை பிள்ளைகளாக இருந்து மணம் செய்துகொண்டவர்கள்.

பேட்ஸன் என்ற விஞ்ஞானி இதைக் கேட்டதும், "இது மெண்டல் சொன்ன ஒடுங்கிய குணம்" என்ற முடிவுக்கு வந்தார். 1902-ல் காரட் அதை வெளியிட்டார். பட்டாணிக்குச் சொன்ன கணக்கு மனிதனுக்கும் பொருந்தியது!

மூன்று தப்பான அர்த்தங்கள்

"ஒடுங்கிய" என்ற சொல்லுக்குப் பலர் தப்பாக அர்த்தம் செய்துகொள்கிறார்கள்.

ஒடுங்கியது என்றால் பலவீனமானது என்று சிலர் நினைக்கிறார்கள். தப்பு. "ஓ" ரத்தம் பலவீனமான ரத்தமா? அதை வைத்துக்கொண்டு மல்யுத்தமே செய்யலாம். நோஞ்சானான ஆளைப் பார்த்து "ஒடுங்கிப்போனவன்" என்கிறோமே, அந்த அர்த்தம் இங்கே இல்லை. இந்தச் சொல் குணத்துக்கு உரியது, ஆளுக்கு உரியதல்ல.

ஒடுங்கியது கெட்டது, ஓங்கியது நல்லது என்று சிலர் நினைக்கிறார்கள். அதுவும் தப்பு. ஹண்டிங்டன் நோய் என்று ஒரு கொடிய நோய் உண்டு. நடு வயதில் வந்து, கை கால் ஆட்டத்தையும் புத்தித் தடுமாற்றத்தையும் உண்டாக்கும். அது ஓங்கிய வகை. ஒரு மரபணு வந்தாலே போதும், நோய் வந்துவிடும்.

ஒடுங்கியது சிலரிடம்தான் இருக்கும், நாளடைவில் அழிந்துவிடும் என்று சிலர் நினைக்கிறார்கள். இதுவும் தப்பு. தென் அமெரிக்கப் பழங்குடி மக்களில் ஏறக்குறைய எல்லாருக்கும் "ஓ" ரத்தம்தான். கையில் ஆறு விரல் இருப்பது பல குடும்பங்களில் ஓங்கிய குணமாக வருகிறது. அதற்காக ஊரெல்லாம் ஆறு விரலா இருக்கிறது?

இந்த மூன்றாவது சந்தேகம் பெரிய படிப்பாளிகளுக்கே வந்தது. அதைத் தீர்த்து வைத்தவர் யார் தெரியுமா? கும்பகோணத்துக் கணித மேதை ராமானுஜனை 1914-ல் கேம்பிரிட்ஜுக்கு வரவழைத்தாரே, அதே பேராசிரியர் ஹார்டிதான்! அதற்கு ஆறு வருஷம் முன்பு, 1908-ல், பன்னெட் என்ற நண்பர் இந்தக் கேள்வியை அவரிடம் கொண்டுவந்தார். ஹார்டி சின்னப் பெருக்கல் கணக்கிலேயே விடை சொல்லிவிட்டார். வேறு காரணம் ஏதும் குறுக்கிடாவிட்டால், ஓங்கிய குணம் தானாகப் பெருகாது, ஒடுங்கிய குணம் தானாகக் குறையாது. தலைமுறைகள் கடந்தாலும் விகிதம் அப்படியே நிற்கும். அதே ஆண்டில் ஜெர்மனியில் வைன்பெர்க் என்ற டாக்டரும் இதையே கண்டார். இன்று இருவர் பெயராலும் இந்த விதி வழங்குகிறது.

ஆகவே, "எங்கள் வம்சத்தில் ஏழு தலைமுறையாக இந்த நோய் இல்லை" என்று மார்தட்டுவதில் பொருள் இல்லை. நோய் இல்லை என்பது சரி. நோய்க்கான மரபணு இல்லை என்று யார் சொல்ல முடியும்?

ராணியின் மகன்

ஒரு விதிவிலக்கைச் சொல்லியாக வேண்டும். சில மரபணுக்கள் பெண்ணுக்கு இரண்டு உண்டு. ஆணுக்கு ஒன்றுதான். அந்த ஒன்று தாயிடமிருந்து வருவது. மாற்றுச் சாவி கிடையாது. அது பழுதானால் நோய் வந்துவிடும்.

அடிபட்டால் ரத்தம் உறையாமல் ஒழுகிக்கொண்டே இருக்கும் ஹீமோபிலியா நோய் இந்த வகை. இங்கிலாந்தை ஆண்ட விக்டோரியா மகாராணியிடம் அந்த மரபணு ஒடுங்கி இருந்தது. அவருக்கு ஒரு குறையும் இல்லை. ஆனால் மகன் லியோபோல்டுக்கு நோய் வந்தது. மகள்களிலும் பேத்திகளிலும் சிலர் அதை அறியாமலே சுமந்து சென்றார்கள். ஒரு பேத்தி ருஷ்ய சக்கரவர்த்தியை மணந்தாள். அவள் பெற்ற ஒரே மகன் அலெக்ஸிக்கு அதே நோய்! அரண்மனையில் எத்தனை வைத்தியர்கள் இருந்து என்ன பயன்? ஒடுங்கிய குணத்துக்கு ராஜ வம்சம், ஏழைக் குடிசை என்ற வித்தியாசம் இல்லை.

முறைமாப்பிள்ளை, முறைப்பெண்

நம் நாட்டுக்கு வருவோம்.

மாமன் மகள், அத்தை மகன் என்று சொந்தத்தில் பெண் கொடுத்துப் பெண் எடுப்பது தமிழ்நாட்டில் நெடுநாள் வழக்கம். அக்காள் மகளை மணப்பதும் உண்டு. 2019-21-ல் நடந்த தேசியக் குடும்ப நல ஆய்வின்படி, தமிழ்நாட்டில் மணமான பெண்களில் கால் பங்குக்கும் மேற்பட்டவர்கள் சொந்தத்தில் மணந்தவர்கள்.

சொந்தம் விட்டுப் போகக்கூடாது, சொத்து சிதறக்கூடாது, தெரிந்த இடத்தில் பெண் சுகமாக இருப்பாள் என்றெல்லாம் காரணம் சொல்வார்கள். அந்தக் காரணங்களைக் குறை சொல்ல வரவில்லை. கணக்கை மட்டும் பாருங்கள்.

ஒரு பாட்டி இருக்கிறாள். அவளிடம் ஒரு நோய்க்கான மரபணு ஒடுங்கி இருக்கிறது. அது அவள் பேரனிடம் வந்திருக்க நாலில் ஒரு பங்கு வாய்ப்பு. பேத்தியிடம் வந்திருக்கவும் நாலில் ஒரு பங்கு வாய்ப்பு. மகன் வயிற்றுப் பேரனும் மகள் வயிற்றுப் பேத்தியும் மணந்தால், பிறக்கும் குழந்தைக்கு அந்த நோய் வர 64-ல் 1 வாய்ப்பு.

அதே பேரன் அசலில் பெண் எடுக்கிறான். ஊரில் நூறு பேரில் ஒருவரிடம் அந்த மரபணு இருப்பதாக வைத்துக்கொள்வோம். அப்போது குழந்தைக்கு நோய் வர 1,600-ல் 1 வாய்ப்புதான். 64 எங்கே? 1,600 எங்கே?

இதைப் படித்து, சொந்தத்தில் மணந்தவர்கள் யாரும் பயப்பட வேண்டாம். பொதுவாக நூறு குழந்தைகள் பிறந்தால் இரண்டு அல்லது மூன்று குழந்தைகளுக்கு ஏதாவது பிறவிக் கோளாறு இருக்கும். மாமன் மகள், அத்தை மகன் கல்யாணத்தில் அது இன்னும் இரண்டு, மூன்று கூடுகிறது. அக்காள் மகளை மணந்தால் உறவு இன்னும் நெருக்கம். அபாயமும் இன்னும் அதிகம். ஆனாலும் பெரும்பாலான குழந்தைகள் சுகமாகவே பிறக்கின்றன. பயப்படுவது வேறு, அறிந்துகொள்வது வேறு.

நாலில் ஒன்று என்றால் என்ன?

கணவன் மனைவி இருவரிடமும் ஒரே நோய்க்கான மரபணு ஒடுங்கி இருந்தால், ஒவ்வொரு பிரசவத்திலும் நாலில் ஒரு பங்கு, குழந்தை நோயோடு பிறக்கலாம். நாலில் இரண்டு பங்கு, பெற்றோரைப் போலவே மரபணுவை மட்டும் சுமந்து சுகமாக இருக்கலாம். நாலில் ஒரு பங்கு, அந்த மரபணுவே இல்லாமல் பிறக்கலாம்.

இதிலும் ஒரு தப்பான எண்ணம் உண்டு. "மூத்ததுக்கு வந்துவிட்டது. இனி மூன்று குழந்தைகளுக்கு வராது" என்று சில பெற்றோர் நம்புகிறார்கள். அப்படி அல்ல. காசைச் சுண்டிப் பூவா தலையா பார்க்கிறோம். முதல் தடவை பூ விழுந்தால் இரண்டாம் தடவை தலைதான் விழும் என்று உண்டா? ஒவ்வொரு சுண்டும் புதுச் சுண்டு. ஒவ்வொரு கர்ப்பமும் புதுக் கணக்கு.

பிறவிச் செவிடும் பல குடும்பங்களில் ஒடுங்கிய குணமாக வருகிறது. ஆனால் செவிட்டுத் தாய்க்கும் செவிட்டுத் தந்தைக்கும் நன்றாகக் காது கேட்கும் குழந்தை பிறப்பது உண்டு. எப்படி? காது கேட்பதற்கு ஒரு பூட்டு அல்ல, பல பூட்டுகள். தாய்க்குப் பழுதானது ஒரு பூட்டின் சாவி. தந்தைக்குப் பழுதானது வேறொரு பூட்டின் சாவி. குழந்தைக்கு ஒவ்வொரு பூட்டுக்கும் ஒரு நல்ல சாவி கிடைத்துவிடுகிறது.

ரத்தம் ஏற்றியே வாழும் குழந்தைகள்

ஒடுங்கிய நோய்களில் நம் நாட்டில் முக்கியமானது தாலசீமியா. இந்த நோயின் கடுமையான வகை வந்த குழந்தைக்கு நல்ல ரத்தம் ஊறாது. இரண்டு வாரம், மூன்று வாரம், நான்கு வாரத்துக்கு ஒரு முறை வெளி ரத்தம் ஏற்ற வேண்டும். ஆயுள் முழுவதும் ஏற்ற வேண்டும். ஏற்றும் ரத்தத்தால் உடம்பில் இரும்புச்சத்து தேங்கி இருதயத்தைக் கெடுக்கும். அதை வெளியேற்றத் தனி மருந்து வேண்டும். எலும்பு மஜ்ஜை மாற்றுச் சிகிச்சையால் குணமாக்க முடியும். வேலூர் கிறிஸ்துவ மருத்துவக் கல்லூரி ஆஸ்பத்திரியில் 1986-லேயே அந்தச் சிகிச்சை செய்யப்பட்டது. ஆனால் பொருத்தமான மஜ்ஜை எல்லாருக்கும் கிடைப்பதில்லை. செலவும் அதிகம்.

பெற்றோரைப் பார்த்தால் இருவரும் கல் போல் இருப்பார்கள்!

ரத்த அணுக்கள் அரிவாள் போல் வளைந்துவிடும் இன்னொரு நோயும் உண்டு. அதன் மரபணு தென்னிந்தியாவில் இருப்பதை 1952-ல் லேமன், கட்புஷ் என்ற இரு ஆராய்ச்சியாளர்கள் நம் நீலகிரி மலைவாழ் மக்களிடம் கண்டு எழுதினார்கள். இரண்டு வருஷம் கழித்து ஆலிஸன் என்ற டாக்டர் ஆப்பிரிக்காவில் ஓர் அதிசயத்தைக் கண்டார். அந்த மரபணு ஒன்று மட்டும் உள்ளவர்களுக்கு மலேரியாவால் வரும் ஆபத்து குறைவு! மலேரியா மிகுந்த காடுகளில் அது ஒரு கவசமாக இருந்து காப்பாற்றியிருக்கிறது. இரண்டு சேர்ந்தால்தான் நோய். ஒடுங்கிய மரபணு எப்போதும் சாபம் அல்ல என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுமா?

இந்த நோயை 2047-க்குள் ஒழிப்பதற்காக, 2023-ல் மத்திய அரசு ஓர் இயக்கம் தொடங்கியது. மலைவாழ் மக்களின் ரத்தத்தைப் பரிசோதித்து, முடிவை அட்டையில் எழுதிக் கொடுக்கும் திட்டம் அது.

ஒரு சிறு தீவு காட்டிய வழி

மத்தியதரைக் கடலில் சைப்ரஸ் என்று ஒரு தீவு. அங்கே ஏழு பேரில் ஒருவரிடம் தாலசீமியா மரபணு ஒடுங்கி இருக்கிறது. தீவில் உள்ள ரத்தம் முழுவதும் இந்தக் குழந்தைகளுக்கே போதாது என்ற நிலை வந்தது. 1970-களில் அரசாங்கம் விழித்துக்கொண்டது. 1983-ல் தேவாலயமும் கைகொடுத்தது. கோவிலில் மணம் செய்ய வரும் ஜோடி, ரத்தப் பரிசோதனை செய்துகொண்ட சீட்டைக் காட்ட வேண்டும் என்று விதித்தது.

முடிவு பாதகமாக இருந்தால் கல்யாணம் கூடாது என்று யாரும் தடுக்கவில்லை. பெரும்பாலான ஜோடிகள் மணம் செய்துகொண்டார்கள். ஆனால் உண்மையை அறிந்து மணந்தார்கள். கர்ப்பத்தின் ஆரம்பத்திலேயே கருவைப் பரிசோதித்துக்கொண்டார்கள். சில வருஷங்களில் அந்த நோயோடு பிறக்கும் குழந்தைகளே அரிதாகிவிட்டன.

நாம் என்ன செய்யலாம்?

ஜாதகம் பார்க்கிறோம். பத்துப் பொருத்தம் பார்க்கிறோம். பார்க்கட்டும். அதோடு ஒரு சொட்டு ரத்தத்தையும் பார்க்கலாம். தாலசீமியா மரபணு ஒடுங்கி இருக்கிறதா என்று காட்ட, ஹீமோகுளோபின் அளவுகளைப் பிரித்துப் பார்க்கும் பரிசோதனை உண்டு. ஆயுளில் ஒரு முறை செய்தால் பெரும்பாலும் போதும். கல்யாணத்துக்கு முன் செய்வது உத்தமம். விட்டுப்போயிருந்தால், கர்ப்பம் தெரிந்த உடனே செய்யலாம். சொந்தத்தில் மணப்பவர்களும், குடும்பத்தில் குழந்தைகள் காரணம் தெரியாமல் இறந்திருப்பவர்களும், மரபணு நோய் டாக்டரிடம் ஒரு முறை ஆலோசனை கேட்பது நல்லது.

ஒருவரிடம் ஒடுங்கிய மரபணு இருப்பதாகச் சீட்டு வந்தால், அவர் நோயாளி அல்ல. மருந்து வேண்டியதில்லை. மணம் செய்துகொள்ளலாம், பிள்ளை பெறலாம். துணைவரிடமும் அதே மரபணு இருக்கிறதா என்பது ஒன்றுதான் கேள்வி. அதைக் காரணம் காட்டிப் பெண்ணை ஒதுக்குவதும் பையனை ஒதுக்குவதும் அறியாமை. நம் ஒவ்வொருவரிடமும் ஏதாவது சில மரபணுக்கள் பழுதாகி ஒடுங்கித்தான் கிடக்கின்றன. அது இல்லாத மனிதனே உலகில் இல்லை!

கடைசியாக ஒன்று. நோயோடு ஒரு குழந்தை பிறந்துவிட்டால், "மருமகள் கால் வைத்த வேளை", "அவள் வீட்டு வழி" என்று பேசும் வாய்கள் உண்டு. "ஒடுங்கிய நோய்" என்று டாக்டர் சொன்னால் அதன் அர்த்தம் என்ன? தாயிடமிருந்து ஒன்று, தந்தையிடமிருந்து ஒன்று. இருவரும் சரிபாதி. இருவரும் அறியாமல் கொடுத்தது. இருவரும் தம் முன்னோரிடமிருந்து பெற்றது. ஆகவே குற்றவாளி யாரும் இல்லை.

அந்தக் குழந்தைக்கு வேண்டியது பழி அல்ல. வைத்தியமும், தாய் தந்தை இருவரின் அணைப்பும்தான்.